தம் சொல்லாற் பேசிய அம்மையார்
(சங்கக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

திருவையாற்றில் 1911-ஆம் ஆண்டு தோன்றிய டி. பி. ராஜலக்ஷ்மி அம்மையார், இளமையிலேயே மணம் முடிக்கப்பெற்று, அவ்வாழ்வு நிலையாதொழிய, நாடகமேடை புகுந்தார். 1931-இல் முதல் தமிழ்ப் பேசும்படமாகிய 'காளிதாஸ்' கதாநாயகியாய் விளங்கினார். பிறர் எழுதிய சொல்லைப் பேசுதலோடு அவர் அமைந்தாரில்லை. தாம் இயற்றிய நாவலையே 1936-இல் 'மிஸ் கமலா' என்னும் படமாக்கி, எழுத்தும் இயக்கமும் தயாரிப்பும் தாமே ஏற்றார். தென்னாட்டில் அவருக்கு முன் படம் இயக்கிய பெண்மணி எவரும் இலர்.

இதனால் நமக்காவதென்ன? கொண்டுவிற்கச் சென்ற கணவர் மீளுமளவும் வீட்டையும் கணக்கையும் காத்தவர் நம் ஆச்சிமாரே. அவர் கைப்பட எழுதிய வாழ்க்கை வரலாறுகள் நம்மிடம் எத்தனை உள? ஆதலின், நம் பெண்மக்கள் எழுதுவதைத் திருத்த முற்படுமுன், அதனைச் செவிசாய்த்துக் கேட்போமாக.