பாத்திரத்தில் வெட்டிய பெயர்

(ஆவடி, அம்பத்தூர், பூந்தமல்லி பகுதி ஆசிரியர்களுக்கான கூட்டம் ஒன்றில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)



வகுப்பறையில் கதையையும் நாடகத்தையும் எப்படிக் கொண்டுவருவது என்று பேசச் சொல்லி அழைத்திருக்கிறீர்கள். கதைக்கு எங்கே போவது என்பதுதான் நம்மில் பலருடைய கேள்வி. பாடநூலில் உள்ள கதையைப் பிள்ளைகள் ஏற்கெனவே படித்துவிட்டார்கள். நூலகத்தில் உள்ளது எல்லோர் கைக்கும் வருவதில்லை. நான் வீட்டுப் பரணிலிருந்து தொடங்கலாம் என்று சொல்ல வந்திருக்கிறேன்.

முதலில் மரப்பாச்சியைப் பார்ப்போம். செம்மரத்திலோ கருங்காலியிலோ செதுக்கிய ஒரு சாண் பொம்மை. பெரும்பாலும் ஆண், பெண் என்று ஜோடியாக இருக்கும். அம்மா வீட்டிலிருந்து மகளுக்கு, மகளிடமிருந்து பேத்திக்கு என்று கை மாறும். கொலு வைக்கிற வீட்டில் முதலில் அதைத்தான் வைப்பார்கள். பல் முளைக்கும் குழந்தை கடிக்கக் கொடுப்பதும் உண்டு. கண், மூக்குகூடச் சரியாக இருக்காது. விலை போட்டால் பெரிதாக ஒன்றும் தேறாது.

அந்தப் பொம்மை தமிழில் எவ்வளவு வேலை செய்திருக்கிறது பாருங்கள். உமா மகேஸ்வரி 'மரப்பாச்சி' என்று ஒரு சிறுகதை எழுதினார். ஒரு சிறுமி வளர்ந்து பருவமடையும் காலத்தை அந்தப் பொம்மையை அருகில் வைத்துச் சொன்ன கதை அது. அ. மங்கை சென்னையில் நடத்திவரும் நாடகக் குழுவின் பெயரும் மரப்பாச்சிதான். யெஸ். பாலபாரதி எழுதிய 'மரப்பாச்சி சொன்ன ரகசியம்' என்ற சிறார் நாவலுக்கு 2020ஆம் ஆண்டு சாகித்ய அகாதெமியின் பால சாகித்ய புரஸ்கார் கிடைத்தது. ஒரு சிறுமியின் கைக்கு வரும் பழைய மரப்பாச்சி பேசத் தொடங்குகிறது. பெரியவர்கள் குழந்தையிடம் பேசத் தயங்கும் பாலியல் சீண்டலைப் பற்றி அது பேசுகிறது. அப்பா பேச முடியாத, டீச்சர் பேசத் திணறுகிற ஒரு விஷயத்தை ஒரு மரத்துண்டு பேசிவிடுகிறது. பொருளின் வாயில் வைத்தால் சொல் வெளியே வரும் என்பதைக் கதாசிரியர்கள் நமக்குக் காட்டிக் கொடுத்திருக்கிறார்கள்.

ஆனால், நாளை வகுப்பில் போய் "எல்லாரும் மரப்பாச்சி கொண்டு வாங்க" என்று சொல்ல முடியுமா? முப்பத்தைந்து பிள்ளைகளில் இரண்டு பேர் வீட்டில் இருந்தால் அதிகம். கொலு வைக்காத வீடு, அந்த வழக்கமே இல்லாத வீடு, வேறு மதத்து வீடு என்று பல வீடுகள் உண்டு. "உங்கள் குடும்பத்தின் பழம்பொருள்" என்று பொதுவாகக் கேட்டாலும் ஆபத்துதான். வசதியுள்ள பிள்ளை தாத்தாவின் கைக்கடிகாரத்தோடு வரும். இல்லாத பிள்ளை அன்றைக்கு விடுப்பு எடுக்கும். எல்லா வீட்டிலும் இருக்கிற, எந்த வீட்டிலும் பெருமை பேசாத ஒரு பொருள் வேண்டும்.

எங்கள் பள்ளியில் நாங்கள் எடுத்துக்கொண்டது பேர் வெட்டின பாத்திரம்.

உங்கள் எல்லோர் வீட்டிலும் இருக்கும். சொம்பு, குண்டான், தூக்கு, தட்டு, குடம், எதுவானாலும் சரி. விளிம்பிலோ கழுத்திலோ அடியிலோ ஒரு பெயர், அல்லது இரண்டு இனிஷியல், சிலவற்றில் தேதி, சிலவற்றில் ஊர். கல்யாணத்துக்கு, காது குத்துக்கு, மஞ்சள் நீராட்டுக்கு, கிரகப்பிரவேசத்துக்கு வந்தவை. முன்பெல்லாம் சிறு உளியும் சுத்தியும் வைத்துப் புள்ளி புள்ளியாக வெட்டுவார்கள். பிறகு மின்சாரத்தில் ஓடும் கருவி வந்தது. பாத்திரக் கடை வாசலில் அது போடும் 'ர்ர்ர்' சத்தத்தை நம் வயதுக்காரர்கள் மறந்திருக்க மாட்டீர்கள். வெட்டுபவருக்கு இடம் குறைவு, அவசரம் அதிகம். அதனால் எழுத்துப் பிழைகள் ஏராளம். ஒற்று விழுந்திருக்கும், 'ழ' 'ள' ஆகியிருக்கும். ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் அந்தப் பிழைகளைக் கண்டுபிடிக்கும் உற்சாகத்தில் பாதியை என் பாடவேளையில் ஒற்றுப்பிழை திருத்தும்போது காட்டியிருந்தால் நான் எங்கேயோ போயிருப்பேன்.

நம் பகுதிக்கு இந்தப் பாத்திரம் இன்னும் பொருத்தம். இங்கே இருப்பவர்களில் பெரும்பாலோர் எங்கிருந்தோ வந்தவர்கள். 1949இல் அம்பத்தூரில் டிஐ சைக்கிள் தொழிற்சாலை வந்தது. 1960களில் தொழிற்பேட்டை வந்தது. ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலை வந்து, 1965இல் முதல் விஜயந்தா டாங்கி வெளியே வந்தது. வேலை தேடி வந்தவர்கள் ஒரு டிரங்குப் பெட்டி, ஒரு பாய், நாலு பாத்திரத்தோடு குடியேறினார்கள். சொந்த ஊர் நிலம் போயிருக்கும், வீடு போயிருக்கும். ஊர்ப்பெயர் மட்டும் குடத்தின் கழுத்தில் இருக்கும். இன்றைக்கு ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த தொழிலாளர் பிள்ளைகள் நம் வகுப்பில் உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்கள் வீட்டிலும் பெயர் வெட்டிய தட்டும் லோட்டாவும் உண்டு. எழுத்துதான் வேறு. ஒரு பையன் எழுதிக்கொண்டு வந்த இந்தி எழுத்தைக் கரும்பலகையில் எழுதச் சொன்னேன். ஆண்டு முழுக்கக் கடைசி வரிசையில் பேசாமல் இருந்தவன் அன்றைக்கு எங்களுக்கு ஆசிரியராக நின்றான்.

இன்னொன்றும் உண்டு. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையில் நம் பக்கம் எத்தனை வீடுகளில் தண்ணீர் புகுந்தது என்று உங்களுக்குத் தெரியும். கல்யாண ஆல்பம் ஊறிப் போயிற்று, சான்றிதழ்கள் போயின. பாத்திரத்தைக் கழுவி வெயிலில் கவிழ்த்தார்கள். பெயர் அப்படியே இருந்தது.

பெயர் வெட்டுவது நேற்று வந்த பழக்கமும் அல்ல. கீழடியில் கிடைத்த பானை ஓடுகளில் தமிழி எழுத்தில் 'ஆதன்', 'குவிரன் ஆதன்' என்றெல்லாம் பெயர்கள் இருக்கின்றன. சமூக அறிவியல் ஆசிரியர் இதைக் கையில் எடுத்தால் பாடம் தானாக நடக்கும். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் ஒருவர் தன் பானையில் கீறியதும், நம் வகுப்புப் பிள்ளையின் ஆயா பெயரைக் கடைக்காரர் வெட்டியதும் ஒரே காரியம்தான்.

செய்முறைக்கு வருகிறேன். பாத்திரத்தைப் பள்ளிக்குக் கொண்டு வரச் சொல்லாதீர்கள். தொலையும், நசுங்கும், ஒப்பீடு வரும். நாணயத்தின் மேல் தாளை வைத்துப் பென்சிலால் தேய்த்தால் உருவம் வருமே, அதேபோல வெட்டிய பெயரின் மேல் மெல்லிய தாளை வைத்துத் தேய்த்து வரச் சொல்லுங்கள். கறுப்பில் வெள்ளையாக எழுத்து எழும்பும். ஒன்றாம் வகுப்புப் பிள்ளைக்கும் முடியும். தாளோடு வீட்டுப் பெரியவர்களிடம் மூன்று கேள்விகள் கேட்டு வர வேண்டும். இது யார் பெயர்? யார் எதற்காகக் கொடுத்தார்கள்? இதில் என்ன வைத்தீர்கள், சமைத்தீர்கள்?

இந்த மூன்று கேள்விகளில் நாங்கள் எதிர்பார்க்காத ஒன்று கிடைத்தது. பல பிள்ளைகளுக்கு ஆயாவின் பெயரே தெரியாது. ஆயா ஆயாதான். வீட்டுப் பத்திரத்தில் தாத்தா பெயர், மின் கட்டண அட்டையில் தாத்தா பெயர். ஆயாவின் பெயர் எழுதியிருக்கும் ஒரே இடம் அரிசி வைக்கும் குண்டானின் விளிம்பு. ஒரு பெண் குழந்தை வந்து, "மிஸ், எங்க ஆயா பேரு ராஜகுமாரியாம்!" என்றது. வகுப்பே சிரித்தது. ஏளனமாக அல்ல. குனிந்து பெருக்கிக்கொண்டிருக்கும் ஒரு கிழவிக்கு அப்படி ஒரு பெயர் இருக்க முடியும் என்ற வியப்பு.

அடுத்தது நாடகம். நம் கட்டுரைப் பயிற்சியில் 'நான் ஒரு குடை பேசுகிறேன்' என்று ஒன்று உண்டு. எனக்கு அதன் மேல் மனத்தாங்கல் உண்டு. அந்தக் குடை யாருடைய குடையும் இல்லை. அதனால் எல்லாப் பிள்ளையின் குடையும் உரைநூலில் உள்ளபடியே மழையில் நனைந்து, வெயிலில் காய்ந்து, மூலையில் கிடக்கும். பெயர் வெட்டின பாத்திரத்திடம், "நீ யார்?" என்று கேட்பதைவிட, "நீ என்ன பார்த்தாய்?" என்று கேட்க வேண்டும். பாண்டியன் அவையில் சிலம்பு அதைத்தானே செய்தது? உடைத்தார்கள், மாணிக்கம் தெறித்தது, வழக்கு முடிந்தது. சாட்சி சொல்லும் பொருள்தான் மேடையில் நிற்கும்.

மேடை எளிது. வகுப்பின் நடுவே ஒரு ஸ்டூல். அதன் மேல் சத்துணவுக் கூடத்திலிருந்து இரவல் வாங்கிய ஏதாவது ஒரு பாத்திரம். அதில் அந்தப் பிள்ளையின் தேய்த்த தாளை ஒட்டிவிடுங்கள். பாத்திரமாகப் பேசும் பிள்ளை ஸ்டூலுக்குப் பின்னால் நிற்க வேண்டும். கேள்வி கேட்கத் தெருக்கூத்துக் கட்டியக்காரன். நம் பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில் திருவிழாக்களில் கூத்துப் பார்த்த பிள்ளைகள் இன்னும் இருக்கிறார்கள். பார்க்காதவர்களுக்கு, யாரையும் எதையும் கேட்கலாம் என்ற உரிமை பெற்ற கோமாளி என்று சொன்னால் போதும், பிடித்துக்கொள்வார்கள். பின்னணி இசைக்குக் கரண்டியும் தட்டும் போதும்.

ஒரு மாணவி கொண்டுவந்த தாளில் 'ஆர்.கே.' என்றும் 1988 என்றும் இருந்தது. வீட்டில் அந்த இனிஷியலில் யாரும் இல்லை. விசாரித்ததில், ஒரு கல்யாணத்தில் பாத்திரம் மாறி வந்துவிட்டதாம். திருப்பிக் கொடுக்க ஆள் தெரியவில்லை. இவர்களுடைய பாத்திரம் எந்த வீட்டிலோ. நாடகம் இப்படிப் போனது:

"நீ யாரு?"

"ஆர்.கே."

"ஆர்.கே.ன்னா?"

"எனக்கே தெரியாது. முப்பது வருசத்துக்கு மேல இந்த வீட்டுல சோறு வடிக்கிறேன். இன்னிக்குத்தான் ஒருத்தர் கேக்குறீங்க."

அந்தக் கடைசி வரியை நான் எழுதிக் கொடுக்கவில்லை. நாம் எழுதிக் கொடுத்தால் வராது. 2022-23 முதல் கலைத் திருவிழா நடக்கிறது. பரிசு வேண்டும் என்ற ஆசையில் வசனத்தை நாமே எழுதி, பிள்ளைகளை மனப்பாடம் செய்யவைக்கும் வழக்கம் பரவிக்கொண்டிருக்கிறது. அதில் எனக்கு உடன்பாடில்லை. பிள்ளைகள் தாங்களே கட்டின ஐந்து நிமிடத்தைப் போட்டிக்குக் கொண்டு போங்கள். பரிசு வந்தால் வரட்டும்.

எல்லாம் சிரிப்பாக முடிவதில்லை. ஒரு மாணவன் வெறும் தாளோடு வந்தான். மறந்துவிட்டானோ என்று நினைத்தேன். பக்கத்தில் வந்து, குடம் அடகுக் கடையில் இருக்கிறது என்று மெதுவாகச் சொன்னான். பித்தளைக் குடம், அம்மாவுக்குச் சீராக வந்தது. பெயர் எப்படி வெட்டியிருந்தது என்பது அவனுக்கு நினைவிருந்தது. புள்ளிகளைக்கூடப் போட்டுக் காட்டினான். நாடகத்தில் சேர வேண்டாம் என்றால் வேண்டாம், முடிவு உன்னுடையது என்றேன். இரண்டு நாள் கழித்து அவனே வந்து, "குடமா இல்ல சார், குடம் இருந்த இடமா நிக்கிறேன்" என்றான். சுவரோரம் தரையில் பதிந்துபோன வட்டம் பேசுவதாக நடித்தான். அடகுக் கடை என்ற சொல் அதில் வரவில்லை. வர வேண்டிய தேவையும் இல்லை. இப்படி நேரும்போது ஆசிரியர் காரணம் கேட்கக் கூடாது, வகுப்பின் முன் ஆறுதல் சொல்லவும் கூடாது. இல்லாத பொருளுக்கும் இடம் உண்டு என்று முதல் நாளே பொதுவாக அறிவித்துவிட்டால் போதும். வெள்ளத்தில் போனது, விற்றது, சண்டையில் பிரிந்தது எல்லாம் அதில் அடங்கும்.

பார்வைத்திறன் குறைந்த பிள்ளை உங்கள் வகுப்பில் இருந்தால், இந்தச் செயல்பாட்டில் அவர் முன்வரிசைக்காரர். புள்ளியாக வெட்டிய பழைய பெயர்களை விரலால் தடவிப் படிக்கலாம். பூந்தமல்லியில் பார்வைத்திறன் குறையுடையோருக்கான அரசு மேல்நிலைப் பள்ளி இருக்கிறது. அங்குள்ள ஆசிரியர்களோடு சேர்ந்து இதைச் செய்து பார்க்க எனக்கு ஆசை.

ஒரு முக்கியமான செய்தி. மரப்பாச்சி கதையை நினைவில் வையுங்கள். பொருள் பேசத் தொடங்கினால், பிள்ளை தன் வாயால் சொல்லாததும் வெளியே வரலாம். அடி, குடி, தொடக் கூடாத கை, எதுவும் வரலாம். அப்படி ஒரு சொல் வந்தால் அது நாடக வசனம் இல்லை. ஒத்திகையைப் பதறாமல் வேறு பக்கம் திருப்பிவிட்டு, அந்தப் பிள்ளையிடம் பிறகு தனியாக, சாதாரணமாக, "சொல்லணும்னா சொல்லு" என்று மட்டும் சொல்லுங்கள். திரும்பத் திரும்பத் துருவாதீர்கள். ஆசிரியர் அறையில் பேசாதீர்கள், வாட்ஸ்அப் குழுவில் போடாதீர்கள். 1098 குழந்தைகள் உதவி எண் இருக்கிறது. நம் துறையின் 14417 இருக்கிறது. பாலியல் குற்றம் என்று தெரியவந்தால் 2012ஆம் ஆண்டு போக்சோ சட்டப்படி காவல்துறைக்குத் தெரிவிப்பது நம் கடமை. பள்ளியின் பெயர் கெடும் என்று யார் சொன்னாலும் கடமை மாறாது. இதற்குத் தயாராக இல்லாதவர் இந்தச் செயல்பாட்டைத் தொடங்க வேண்டாம் என்றே சொல்வேன்.

எப்போது செய்யலாம் என்று சிலர் கேட்டீர்கள். போகிக்கு முந்தைய வாரங்கள் தோதானவை. பரணிலிருந்து எல்லாம் கீழே இறங்கும். ஆயாவும் பேசும் மனநிலையில் இருப்பார். அந்த வாரம்தான் பழைய பாத்திரத்துக்குப் புதுப் பாத்திரம் என்று கூவிக்கொண்டு வண்டிகளும் தெருவில் வரும். எடை போட்டு எடுத்துக்கொண்டு போனால் பாத்திரம் உருக்குவதற்குப் போய்விடும், பெயரும் அதோடு போய்விடும். எனவே டிசம்பர் கடைசியிலேயே தாளைக் கொடுத்துவிடுங்கள். நோட்டுத் தாள் கனமாக இருக்கும், எழுத்து சரியாக எழும்பாது. மளிகைக் கடையில் பொட்டலம் கட்டும் மெல்லிய தாள் போதும். பென்சிலைச் சாய்த்துப் பிடித்துத் தேய்க்கச் சொல்லுங்கள்.