பொருள் அறிந்த வழிபாடு
(ஆண்டு விழாச் சொற்பொழிவு)



பிறந்த மண்ணை விட்டு வந்தோர் தம் மொழியையும் வழிபாட்டையும் காப்பது எங்ஙனம்? இவ்வினாவை நமக்கு முன்னரே எதிர்கொண்ட ஒரு சிறு சமூகத்தின் வரலாற்றை இன்று கூற விழைகின்றோம்.

கொங்கணக் கரையில் பன்னெடுங்காலம் வாழ்ந்தோர் பெனே இஸ்ரேல் யூதர். எண்ணெய் ஆட்டுதல் அவர்தம் தொழில்; மராத்தி அவர்தம் பேச்சு. எபிரேய மறை நாளடைவில் மறந்துபோயிற்று. ஆயினும் சனிக்கிழமைகளில் அவர்கள் செக்கு ஓடாது. அதனால் ஊரார் அவர்களைச் 'சனிக்கிழமை எண்ணெய்க்காரர்' என்றே அழைத்தனர்.

பின்னர்ப் பலர் மும்பையில் குடியேறினர். அவர்களுள் ஒருவரான சாமுவேல் எசேக்கியேல் திவேகர், 1796-இல் அந்நகரின் முதல் யூதத் தொழுகைக்கூடத்தை எழுப்பினார். மைசூர்ப் போரில் திப்புவிடம் சிறைப்பட்டு மீண்டதற்கு அவர் செலுத்திய நன்றிக்கடன் அது என்பர். கூடம் எழுந்தது, எபிரேய வழிபாடும் நிலைபெற்றது. ஆனால், ஓதப்படுவதன் பொருள் பலருக்கு எட்டவில்லை.

இக்குறையைத் தீர்க்க முனைந்தவர் ஒரு பெண்மணி. டாக்டர் ஜெருஷா ஜிராட் 1890-இல் இக்கன்னட நாட்டுச் சிவமொக்காவில் பிறந்தவர். லண்டனில் மகப்பேற்று மருத்துவம் பயின்ற காலத்தில், அங்கே 1902-இல் தோன்றிய யூத சமய ஐக்கியத்தையும், அதனை உருவாக்கிய லில்லி மாண்டேகு அம்மையாரையும் அறிந்தார். ஆணும் பெண்ணும் ஒருங்கே அமர்ந்து, தாம் அறிந்த மொழியிலும் இறைவனைத் தொழலாம் என்பது அவ்வியக்கத்தின் கொள்கை. 1925-இல் மும்பையிலும் அத்தகைய ஐக்கியம் அவர் முயற்சியால் தோன்றியது. அதன் தொழுகைக்கூடம் 'ரோடெஃப் ஷாலோம்' எனப்படும். 'அமைதியை நாடுவோன்' என்பது பொருள். 1928 முதல் 1947 வரை காமா மருத்துவமனையின் தலைமைப் பொறுப்பை ஏற்று, நோயுற்ற மகளிர்க்கும் அவர் தொண்டு புரிந்தார். 1966-இல் பத்மஸ்ரீ விருது அவரைச் சேர்ந்தது.

1948-இல் இஸ்ரேல் நாடு தோன்றியபின், பெனே இஸ்ரேல் மக்களுள் பெரும்பாலோர் அங்குக் குடிபெயர்ந்தனர். மும்பையில் அவர்தம் தொகை சுருங்கிற்று. எனினும் அவர்கள் வரலாறு நமக்கு உணர்த்துவது சுருங்கவில்லை.

நம் குழந்தைகள் தேவாரத்தையும் திருப்பாவையையும் கன்னட எழுத்திலோ ஆங்கில எழுத்திலோ எழுதிவைத்துப் பாடுகின்றனர். பாடுவதே மகிழ்ச்சி, அச்செக்கு நின்றது போன்ற உறுதி அது. ஆனால் பொருள் அறியாத பாட்டு அடுத்த தலைமுறையின் நாவில் தங்குமா? வாரம் ஒரு பாடலுக்கேனும் வீட்டில் பொருள் சொல்வோம். பழக்கம் வேர், பொருள் நீர். இரண்டும் வேண்டும்.