கண்ணகி மலையில் ஒரு காலச் சுழல்



2021 நவம்பரில் ‘மாநாடு’ படம் வந்தபோது, சின்னப் பிள்ளைகள்கூட ‘டைம் லூப்’ என்று பேச ஆரம்பித்தார்கள். இயக்கியவர் வெங்கட் பிரபு, இசை யுவன் சங்கர் ராஜா. இருவருமே நம் பண்ணைப்புரத்து வீட்டுப் பேரப்பிள்ளைகள் என்பதில் தேனி மாவட்டத்துக்காரர்களுக்குத் தனிப் பெருமை. அந்தப் படத்தில் ஒரே நாள் திரும்பத் திரும்ப விடிகிறது. நாயகன் ஒவ்வொரு முறையும் எதையாவது மாற்றிப் பார்க்கிறான்.

இன்று நான் சொல்லவிருப்பது வேறு வகைச் சுழல். 1984-இல் வந்த ‘டெர்மினேட்டர்’ படம் நினைவிருக்கும். வருங்காலத்தில் இருக்கும் ஜான் கானர் என்ற தலைவன், தன் தாயைக் காப்பாற்ற ஒரு வீரனைக் கடந்த காலத்துக்கு அனுப்புகிறான். போனவன்தான் அவனுக்குத் தகப்பன் ஆகிறான். மகன் அனுப்பாவிட்டால் தகப்பன் இல்லை, தகப்பன் போகாவிட்டால் மகன் இல்லை. தன்னைத் தானே பெற்றெடுக்கும் சுழல் இது. எங்கே தொடங்கியது என்று தேடினால் நுனி கிடைக்காது.

இப்படி ஒரு சுழலைத் தமிழில் தேடி நான் வெகுதூரம் போகவில்லை. கூடலூருக்கு அப்பால், கேரள எல்லை மலையின் உச்சியில் மங்கலதேவி கோயில் இருக்கிறது. கருங்கல் சுவர்கள், பாதி சரிந்த கட்டுமானம், சுற்றிலும் புல்வெளி. ஆண்டுக்கு ஒரு நாள், சித்திரா பௌர்ணமிக்கு மட்டும் வழி திறப்பார்கள். பளியங்குடியிலிருந்து காட்டு வழியே நடந்து ஏறுகிறவர்கள் ஒரு பக்கம், குமுளியிலிருந்து ஜீப்பில் வருகிறவர்கள் மறுபக்கம். மதுரையை எரித்த கண்ணகி மேற்கு வாயிலால் வெளியேறி, வைகைக் கரையோடு நடந்து, ஒரு மலையேறி வேங்கை மர நிழலில் நின்றாள் என்கிறது சிலப்பதிகாரம். அந்த மலை இதுதான் என்பது இந்தப் பகுதி மக்களின் நம்பிக்கை. பேராசிரியர் சி. கோவிந்தராசனார் கண்ணகி போன வழியைத் தேடி வந்து இந்தக் கோயிலை அடையாளம் காட்டினார்.

இனிக் காப்பியத்துக்குள் வருவோம். மதுரை எரிந்துகொண்டிருக்கிறது. மதுராபதி தெய்வம் கண்ணகியிடம் பேச வருகிறது. நேரே வந்து நிற்கத் துணிவில்லாமல் அவளுக்குப் பின்னால் நின்று பேசுகிறது. அது சொல்கிற கதையைக் கேளுங்கள்.

கலிங்க நாட்டில் இரண்டு அரசர்களுக்குள் பகை. ஓர் ஊரிலிருந்து சங்கமன் என்ற வணிகன், மனைவி நீலியோடு பகையூருக்கு நகை விற்கப் போகிறான். அங்கே அரசு வேலையிலிருந்த பரதன் அவனை ஒற்றன் என்று பொய் சொல்லிக் காட்டிக்கொடுக்க, அரசன் கொன்றுவிடுகிறான். நீலி பதினான்கு நாள் அழுது திரிந்து, ஒரு மலையேறி, எங்களுக்கு இதைச் செய்தவர்களும் இதையே அனுபவிக்கட்டும் என்று சபித்து உயிரை விடுகிறாள். அந்தப் பரதன்தான் இந்தப் பிறவியில் கண்ணகியின் கணவன் கோவலன். நகை விற்க வந்த ஊர், பொய்க் குற்றச்சாட்டு, கொலை, பதினான்கு நாள், மலை எல்லாம் வரிசை மாறாமல் திரும்பி வந்துவிட்டன. அது மட்டுமல்ல. ஆடி மாதத் தேய்பிறையில், கார்த்திகையும் அட்டமியும் கூடிய வெள்ளிக்கிழமையில் மதுரை எரியும் என்று முன்பே ஒரு சொல் உண்டாம். கண்ணகியும் புகாரில் இருந்தபோதே இதையெல்லாம் கனவாகக் கண்டு, தோழி தேவந்தியிடம் சொல்லியிருந்தாள்.

அப்படியானால் கோவலனைக் கொல்லச் சொன்ன பாண்டியன்மேல் என்ன குற்றம்? அவனைக் கள்வன் என்று பொய் சொன்ன பொற்கொல்லன்மேல் என்ன குற்றம்? எல்லாமே முன்னால் எழுதிய கணக்குத்தானே என்று தோன்றும். எனக்கு இந்த இடத்தில்தான் காப்பியத்தை எழுதிய இளங்கோவின் கை தெரிகிறது. தெய்வம் இந்தக் கதையைச் சொல்வது எல்லாம் முடிந்த பிறகு. அதற்கு முன்பே, கோவலன் கள்வனல்ல என்று காட்டக் கண்ணகி உடைத்த சிலம்பிலிருந்து மாணிக்கம் தெறித்த அந்தக் கணத்தில், பாண்டியன் தானே கள்வன் என்று தன்மேல் தீர்ப்பு எழுதி உயிரை விட்டுவிட்டான். முற்பிறவியும் சாபமும் அவனுக்குத் தெரியாது. விதி என்று சொல்லித் தப்பிக்க அவனுக்கு வாய்ப்பே தரவில்லை கவிஞர். செய்தவன் பொறுப்பேற்ற பிறகுதான் விதியைப் பேச விடுகிறார்.

குறியும் விதியும் அவருக்குச் சொந்த அனுபவம். தந்தையின் அவையில் ஒருவன், அரசாளும் இலக்கணம் மூத்தவன் செங்குட்டுவனுக்கு இல்லை, இளையவனுக்கே உண்டு என்று குறி சொன்னான். இளங்கோ அவனைச் சினந்து பார்த்துவிட்டு, அண்ணன் மனம் நோகக்கூடாதென்று துறவியானார். குறி பொய்த்தது. அது பலித்திருந்தால் அவர் சேரநாட்டு அரசராக இருந்திருப்பார், சிலப்பதிகாரம் இருந்திருக்காது. பலிக்காத குறி ஒன்றிலிருந்துதான், தப்பாமல் பலித்த குறியின் கதை பிறந்திருக்கிறது.

கதை அவரிடம் வந்து சேர்ந்த வழியும் ஒரு வட்டம்தான். மதுரை வெள்ளியம்பலத்தில் நள்ளிரவில் படுத்திருந்த புலவர் சாத்தனார், தெய்வம் கண்ணகியிடம் சொன்னதைக் காதால் கேட்டதாகவும், அதை இளங்கோவிடம் சொன்னதாகவும் நூலின் முகப்பிலுள்ள பதிகம் கூறுகிறது. பதிகம் பின்னால் சேர்த்தது என்பவர்களும் உண்டு. ஆனால் வட்டம் மூடுவது நூலுக்குள்ளேயே, முப்பதாவது காதையில். வஞ்சியில் கண்ணகி கோயிலுக்கு இளங்கோ போகிறார். தேவந்திமேல் கண்ணகி வந்து இறங்குகிறாள். அன்று புகாரில் கனவைக் கேட்ட அதே தேவந்தி. அவள் வாயால் கண்ணகி, இளங்கோவைப் பார்த்து, அந்தக் குறிகாரனையும் அவர் துறந்த கதையையும் சொல்கிறாள். கண்ணகி கதையை எழுதுகிறவருக்கு, அவர் கதையைக் கண்ணகி சொல்கிறாள். யார் யாரைப் படைத்தது?

சுழல் அத்தோடு மூடிவிட்டது என்றால், மனிதருக்குச் சொல்ல எதுவும் மிச்சமிருக்காது. இளங்கோ அடுத்த வரியிலேயே நம் பக்கம் திரும்பி, என்னென்ன செய்ய வேண்டும், எதையெல்லாம் விட வேண்டும் என்று அடுக்கத் தொடங்குகிறார். பொய்ச் சாட்சி சொல்லப் போகாதீர்கள் என்பதும் அதில் ஒன்று. பரதன் கலிங்கத்தில் செய்ததும், பொற்கொல்லன் மதுரையில் செய்ததும் அதுதான்.