காட்சி என்னும் முதற்படி



போரில் பட்ட வீரனுக்குக் கல் நடும் மரபினைத் தொல்காப்பியம் ஆறு படிகளாக வகுத்துரைக்கின்றது. காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்துதல் என்பன அவை. இளங்கோவடிகளும் இம்மரபை ஒட்டியே வஞ்சிக் காண்டத்துக் காதைகள் பலவற்றுக்குப் பெயர் சூட்டினார். சித்திரை முழுநிலவு நாளில் கூடலூரை அடுத்த மலைமீதுள்ள மங்கலதேவி கண்ணகி கோட்டத்துக்குப் பெற்றோர் கைபிடித்து ஏறும் இப்பள்ளத்தாக்கின் சிறார்க்கு அம்மரபு அயலானதன்று. ஆறு படிகளுள் முதலாவது காட்சி. தக்கதொரு கல்லைத் தேடிக் கண்டறிதல் என்பது அதன் பொருள். காணாத கல்லை நீராட்டவும் இயலாது, நடவும் இயலாது, வாழ்த்தவும் இயலாது.

சிறாரைப் பெருங்கலைக்கூடங்களுக்கு அழைத்துச் செல்லுதல் என்னும் பொருள் ஓர் இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவில் எதற்கு என்று சிலர் வினவக்கூடும். காட்சி பிழைத்தால் கவிதை பிழைக்கும் என்பதே அதற்குரிய விடை. காணப் பழகாத கண்ணுக்கு உவமை தோன்றாது. நாளைய கவிஞனும் நாளைய வாசகனும் இன்று ஆறாம் வகுப்பிலோ ஏழாம் வகுப்பிலோ அமர்ந்திருக்கின்றனர்.

இன்றைய நடைமுறை யாது? தேனியிலிருந்து சென்னை ஏறத்தாழ 500 கிலோமீட்டர். மாலையில் புறப்படும் சுற்றுலாப் பேருந்து விடியலில் நகரை அடைகின்றது. அன்றே கடற்கரை, அன்றே வண்டலூர் உயிரியல் பூங்கா, இடையில் கிடைக்கும் ஒரு மணி நேரம் அருங்காட்சியகத்துக்கு. எழும்பூர் அரசு அருங்காட்சியகத்தில் 6 கட்டடங்கள், 46 காட்சிக்கூடங்கள் உள. ஒரு மணி நேரத்தை 46 ஆல் வகுத்தால் ஒரு கூடத்துக்கு ஒன்றரை நிமிடமும் ஒதுங்கவில்லை என்பதைச் சிறுவனே கணக்கிட்டுச் சொல்லிவிடுவான். இரவெல்லாம் உறங்காத பிள்ளைகள் வரிசையாக உள்ளே நுழைகின்றனர். தொடாதே, பேசாதே, நட என்னும் மூன்று ஏவல்களே அங்கு அவர்கள் செவியில் விழும் தமிழ். ஊர் திரும்பியபின் என்ன கண்டாய் என்று கேட்டால், திமிங்கிலத்தின் எலும்புக்கூடு என்று ஒருவன் சொல்வான். மின்விசிறி ஓடவில்லை என்று மற்றொருத்தி சொல்வாள். இதில் ஆசிரியரைப் பழித்துப் பயனில்லை. அறுபது பிள்ளைகளை எண்ணிக்கை குறையாமல் வீடு சேர்ப்பதே அவர்க்குப் பெரும்பாடு. ஆயினும் கம்பத்திலோ உத்தமபாளையத்திலோ ஓர் உழவர் வீட்டுப் பிள்ளைக்கு அப்பயணம் பள்ளி வாழ்வில் ஒருமுறையே வாய்ப்பது. அந்த ஒருமுறை வீணாகலாமா என்பதே ஈண்டு எழும் வினா.

அந்த அருங்காட்சியகம் 1851ஆம் ஆண்டு புனித சார்ச்சுக் கோட்டைக் கல்லூரியின் கட்டடத்தில் தொடங்கப்பெற்று, 1854இல் எழும்பூருக்கு மாறியது. அதன் முதல் பொறுப்பாளரான எட்வர்டு பால்ஃபர் 1855இல் அங்கேயே உயிருள்ள விலங்குகளையும் வைத்துக் காட்டினார். சென்னை மக்கள் இவ்விரண்டுக்கும் தாமே பெயர் வைத்துக்கொண்டனர். விலங்குக் காட்சிசாலை ‘உயிர் காலேஜ்’. அருங்காட்சியகம் ‘செத்த காலேஜ்’. எளிய மக்கள் நகைச்சுவையாக இட்ட பெயரெனினும் அதனுள் ஒரு திறனாய்வு உண்டு. விளக்குவாரின்றி வைக்கப்பட்ட பொருள் உயிரற்றதாகவே தோன்றும் என்பதை அவர்கள் அறிந்திருந்தனர்.

மேலை நாட்டிலும் இக்குறை உணரப்பட்டது. அமெரிக்காவின் பாசுடன் நகர நுண்கலை அருங்காட்சியகம் 1907இல் பார்வையாளர்க்குக் கலைப்பொருள்களின் அருகில் நின்று எடுத்துரைக்கும் விளக்குநரை அமர்த்தியது. அதற்குக் காரணமானவர் அதன் செயலர் பெஞ்சமின் கில்மன். அவரே 1916இல் ‘அருங்காட்சியகச் சோர்வு’ என்பது பற்றி ஒரு கட்டுரை வெளியிட்டார். குனிந்தும், எட்டியும், கழுத்தை வளைத்தும் பெயர்ச்சீட்டுகளைப் படிக்க முயலும் ஒருவரைப் படம்பிடித்து அதில் காட்டினார். வளர்ந்தவரே சோரும்போது, பெயர்ச்சீட்டின் உயரத்துக்கும் எட்டாத பிள்ளை என்ன செய்யும்?

அதே அருங்காட்சியகத்தில் 1917 முதல் 1947இல் மறையும் வரை இந்தியக் கலைப் பிரிவுக்குப் பொறுப்பேற்றிருந்தவர் ஈழத்துத் தமிழ்த் தந்தைக்குப் பிறந்த ஆனந்த குமாரசுவாமி. அருங்காட்சியகத்திலேயே வாழ்நாளைக் கழித்த அவர், அங்குள்ள பொருள்கள் எவையும் அருங்காட்சியகத்தில் வைக்கச் செய்யப்பட்டவை அல்ல என்பதை இடையறாது வற்புறுத்தினார். கில்மன் கண்டது காண்போரின் சோர்வு. குமாரசுவாமி கண்டது பொருளின் தனிமை. சிறாரை அழைத்துச் செல்பவர் இவ்விரண்டையும் நீக்க வேண்டியவராகின்றார். பொருள்களைக் குறைத்தால் சோர்வு நீங்கும். பொருளைச் சூழ இருந்து இன்று காணாமற்போனதைச் சொல்லால் மீட்டால் தனிமை நீங்கும்.

இதற்குத் தஞ்சை அரண்மனைக் கலைக்கூடம் நல்லதோர் எடுத்துக்காட்டு. 1951இல் தொடங்கப்பெற்ற அக்கூடத்தில் திருவெண்காட்டு மண்ணிலிருந்து கிடைத்த இடபவாகனத் தேவர் நிற்கின்றார். முதலாம் இராசராசன் காலத்தில், கி.பி. 1011இல் எழுந்தருளுவிக்கப்பட்ட செப்புத் திருமேனி அது. ஏறத்தாழ மூன்றரை அடி உயரம். தேவியின் திருமேனி அடுத்த ஆண்டில் செய்தளிக்கப்பட்டது. சடையைத் தலைப்பாகைபோற் சுற்றி, ஒரு காலை மற்றதன் குறுக்கே வைத்து, ஒரு கையை எதன்மீதோ சாய்த்து இறைவன் நிற்கின்றார். எதன்மீது சாய்த்திருக்கின்றார்? அவ்விடம் வெறுமையாக உள்ளது. காளை இல்லை.

இங்கே பெயர், நூற்றாண்டு, அரசன் என்று ஒப்பித்துச் செல்லும் விளக்குநர் ஒரு பேற்றை இழக்கின்றார். ‘கண்ணுகளா, அந்தக் கையைப் பாருங்கள். நீங்கள் எங்கே, எப்போது இப்படிக் கை வைத்து நிற்பீர்கள்?’ என்று வினவி அவர் வாய் மூடிக்கொள்ள வேண்டும். சிறிது நேரம் கழித்துப் பிள்ளைகளே அவ்வாறு நின்று பார்ப்பர். திண்ணைத் தூண் என்பான் ஒருவன். தோழியின் தோள் என்பாள் ஒருத்தி. எங்கள் வீட்டு மாடு என்று ஒரு குரல் வரும். ஆண்டிபட்டிப் பக்கத்துப் பிள்ளையாயின் அதுவே முதலில் வரும். அதன்பின் இடபவாகனம் என்ற பெயரைச் சொன்னால் அது மறவாது. இல்லாத காளையைத் தன் கண்ணால் அங்கே கண்ட பிள்ளை, கவிதையில் சொல்லாமல் விடப்பட்டதைக் காணவும் கற்றுக்கொண்டது. சங்கச் செய்யுளின் இறைச்சியும் உள்ளுறையும் பின்னாளில் அதற்கு அச்சம் தரா.

எழும்பூரில் உள்ள திருவாலங்காட்டு நடராசர் மற்றொரு பாடம். ஆலங்காட்டு ஆடலைக் காரைக்காலம்மையார் பாடிப் பல நூற்றாண்டுகள் சென்றபின்னரே அச்செப்புத் திருமேனி வார்க்கப்பட்டது. பாட்டு முந்தியது, படிமம் பிந்தியது என்னும் செய்தி ஒரு கவிஞர் குழுவுக்கு மகிழ்ச்சி தருவதே. பிரான்சு நாட்டுச் சிற்பி ரோதேன் சென்னை அருங்காட்சியக நடராசரை நேரில் கண்டவரல்லர், நிழற்படங்களையே கண்டார். அவற்றை நெடிது நோக்கி, இதழ், கண், கை, கால் என உறுப்பு உறுப்பாக அவர் எழுதிய குறிப்புகள், அவர் மறைந்து 4 ஆண்டுகள் கழித்து 1921இல் அச்சேறின. முழுமையைக் கண்டு வியப்பது எளிது. ஒரு விரலை மட்டும் ஐந்து நிமிடம் நோக்குவது அரிது. நிழற்படத்தைக் கொண்டே அவர் செய்ததை, நேரில் நிற்கும் பிள்ளை செய்ய இயலாதா?

‘கைப்பேசியில் எல்லாம் தெரிகின்றதே, 500 கிலோமீட்டர் எதற்கு?’ என்று இன்று கேட்பாரும் உளர். ரோதேனின் வரலாறே அவர்கட்குத் துணை நிற்பதுபோலத் தோன்றும். ஆனால் படத்தில் இல்லாதவை சில உள. படிமத்தின் பின்புறம் இல்லை. தன் உயரத்தோடு அதன் உயரத்தை ஒப்பிட இயலாது. அதன் எடையை உடல் உணராது. இன்னொன்றும் உண்டு. கோயிலில் உள்ள திருமேனி பட்டாலும் மாலையாலும் மூடப்பட்டுத் திருமுகம் மட்டுமே புலப்படும். வார்ப்பின் முழு அழகும் அருங்காட்சியகத்திலேதான் தெரியும். கோயில் தருவதை அருங்காட்சியகம் தராது. அருங்காட்சியகம் தருவதைக் கோயில் தராது. பிள்ளை இரண்டையும் பெறவேண்டும். படிமத்தின்முன் ஒரு பிள்ளை கைகூப்பினால் அதனைத் தடுத்தலும் வேண்டா, கூப்பாத பிள்ளையை வற்புறுத்தலும் வேண்டா.

வார்ப்பு முறையை விளக்குவதும் இப்பள்ளத்தாக்கின் பிள்ளைகட்கு எளிது. மலைத்தேன் எடுப்பதை அறிந்தவர்கள் அவர்கள். தேன் வடித்தபின் எஞ்சும் மெழுகு அவர்கட்குப் புதிதன்று. அம்மெழுகோடு குங்கிலியம் கலந்து உருவம் செய்வார் சிற்பி. அதன்மேல் ஆற்று வண்டல் மண்ணைப் பூசி உலர்த்துவார். சூடேற்ற மெழுகு உருகி வெளியேறும். அது விட்டுச்சென்ற வெற்றிடத்தில் உருக்கிய உலோகம் பாயும். ஆறியபின் மண் அச்சை உடைத்தெடுப்பார். அச்சு உடைந்தபின் அதுபோல் மற்றொன்று பிறவாது. சுவாமிமலைச் சிற்பிகள் இன்றும் இம்முறையில் வார்க்கின்றனர். தேனடையிலிருந்து தில்லைக்கூத்தன் வரையுள்ள வழியைச் சொன்னால், தன் ஊருக்கும் அக்கூடத்துக்கும் உறவுண்டு என்று பிள்ளை உணரும்.

சில வேளை பிள்ளைகள் கேட்கும் வினா விளக்குநரைத் திகைக்க வைக்கும். ‘சாமி ஏன் கோயிலில் இல்லாமல் இங்கே இருக்கிறார்?’ இதற்கு மழுப்பலான விடை கூறலாகாது. மண்ணுக்குள்ளிருந்து கிடைத்தவை உள. காக்கப்படும் பொருட்டு வந்தவை உள. களவுபோய் மீண்டவையும் உள. அரியலூர் மாவட்டம் சிறீபுரந்தான் கோயிலிலிருந்து களவாடப்பட்ட நடராசர் திருமேனியை ஆத்திரேலிய தேசியக் கலைக்கூடம் 2008இல் சுமார் 50 இலட்சம் அமெரிக்க வெள்ளிக்கு வாங்கிக் காட்சிக்கு வைத்தது. 2014 செப்டம்பரில் அது இந்தியாவிடம் ஒப்படைக்கப்பட்டது. இடைப்பட்ட ஆண்டுகளில் கான்பெராவின் பிள்ளைகள் அதனைக் கண்டிருப்பர். அழகினைக் கற்றிருப்பர், அது வந்த வழியை அவர்க்கு யார் சொல்லியிருப்பர்? அழகையும் அறத்தையும் ஒருசேரக் காட்டுவதே முறையான காட்சி.

தொலைவிலுள்ளதைக் காணுமுன் அருகிலுள்ளதைக் காணுதல் வேண்டும். 2006ஆம் ஆண்டு ஆண்டிபட்டி வட்டத்துப் புலிமான்கோம்பையில் தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் தமிழி எழுத்துப் பொறித்த மூன்று நடுகற்களைக் கண்டறிந்தனர். இந்தியாவில் கிடைத்துள்ள எழுத்துடைய நடுகற்களுள் இவை மிகத் தொன்மையானவை என்று அறிஞர் மதிக்கின்றனர். அவற்றுள் ஒரு கல், கூடலூரில் நிகழ்ந்த ஆகோளில் பட்ட அந்தவன் என்னும் வீரனுக்கு எடுக்கப்பட்டது. ஆகோள் என்பது வெட்சித் திணையில் தொல்காப்பியர் ஆண்ட அதே சொல். உருவம் எதுவும் இல்லை. எழுத்து மட்டுமே உண்டு. ஈராயிரம் ஆண்டுகளுக்கு முற்பட்ட அக்கல்லில் தன் ஊர்ப்பெயரைக் கூடலூர்ப் பிள்ளை ஒன்று எழுத்துக் கூட்டிப் படிக்குமாயின், அதனைவிடச் சிறந்த அருங்காட்சியகப் பாடம் வேறில்லை. பாண்டியர் வரலாற்றுக்குப் பெருஞ்சான்றாகிய செப்பேடுகளைத் தந்த சின்னமனூரும் இங்கேயே உள்ளது. மகாபாரதம் தமிழில் ஆக்கப்பட்டதையும், மதுரையில் சங்கம் வைக்கப்பட்டதையும் கூறும் செப்பேடுகள் அவை. அவ்வூரில் பேருந்துக்கு நிற்கும் மாணவரில் எத்தனை பேர் அதை அறிவர்?

வழி இப்போது முன்னினும் எளிது. 2010 இறுதியில் நின்ற மதுரை–தேனி இருப்புப்பாதை அகலப்பாதையாகி 2022 மே மாதத்தில் திறக்கப்பட்டது. 2023 சூனில் போடிநாயக்கனூரிலிருந்து சென்னைக்கே தொடர்வண்டி புறப்பட்டது. 2023 மார்ச்சில் திறக்கப்பெற்ற கீழடி அருங்காட்சியகம் ஒரு பகற்பொழுதில் சென்று மீளும் தொலைவில் உள்ளது.

ஆதலின் இவ்விலக்கிய வட்டத்தின் முன் ஒரு வேண்டுகோள் வைக்கப்படுகின்றது. பதினோராம் ஆண்டில் இருபது பிள்ளைகளைத் தேர்க. முதலில் புலிமான்கோம்பைக்கும் சின்னமனூருக்கும் நடத்திச் செல்க. பின்னர்க் கீழடி, அதன்பின் தஞ்சை, இறுதியில் எழும்பூர். ஒரு கூடத்தில் ஐந்து பொருளுக்கு மேல் காட்டவேண்டா. ஒவ்வொரு பிள்ளையின் கையிலும் ஓர் எழுதுகோலும் கோடிடாத தாளும் தருக. வரையும் கை நிற்கவேண்டிய இடத்தில் கண்ணை நிறுத்தும். ஐந்து பிள்ளைகட்கு ஒரு கவிஞர் உடன் செல்க. அவர் வரலாறு முழுவதும் அறிந்தவராக இருத்தல் வேண்டுவதில்லை. வினவத் தெரிந்தவராகவும், வினவியபின் காத்திருக்கத் தெரிந்தவராகவும் இருந்தால் போதும். உடனே கவிதை எழுது என்று எந்தப் பிள்ளையையும் நெருக்க வேண்டா. கண்டது ஊறட்டும். கல்லைக் கண்டவுடன் எவரும் வாழ்த்துப் பாடிவிடவில்லை. இடையில் நான்கு படிகள் இருந்தன.

இருபது பிள்ளைகளுள் ஒருத்தி பல்லாண்டு கழித்து, இல்லாத காளையின்மீது சாய்ந்த அந்தக் கையை நினைவுகூர்வாளாயின், பயணத்துக்கு ஆன செலவு ஈடாகிவிடும். அவள் எழுதும் கவிதையை இவ்வட்டத்தின் இருபதாம் ஆண்டு மலர் தாங்கி வரட்டும்.