அழித்த பின் எஞ்சுவது



அறநூல்களையும் காப்பியங்களையும் பற்றிப் பேசும் இம்மேடையில், இன்றைய உரை ஒரு விளையாட்டிலிருந்து தொடங்குகிறது. வீட்டில் பிள்ளைகள் ஆடும் வீடியோ கேமில் பெரியவர்களுக்கு விளங்காத ஒரு செயல் உண்டு. பல வாரம் ஆடிப் பல கட்டங்களைக் கடந்து வந்த பிள்ளை, ஒருநாள் அத்தனையையும் தன் கையாலேயே அழித்துவிட்டு முதற்கட்டத்திலிருந்து ஆடத் தொடங்குகிறான். தோற்றுப்போய் அழித்தான் என்றால் புரியும். வென்று நிற்கும்போதே அழிக்கிறான். பாட்டி பார்த்துவிட்டால், "கட்டின வீட்டை இடித்துவிட்டு அடுப்பு மூட்டுகிறாயே" என்று கடிந்துகொள்வாள்.

இச்செயலை விளங்கிக்கொள்ள, அவ்விளையாட்டின் வரலாற்றைச் சிறிது அறிய வேண்டும். 1980-இல் ஜப்பானில் தோன்றிய பேக்-மேன் போன்ற ஆட்டங்கள் கடைகளில் வைத்த பெட்டிகளில் காசு போட்டு ஆடப்பட்டவை. ஆட்டம் முடிந்தால் முடிந்ததுதான். மறுநாள் வருபவன் மீண்டும் முதலிலிருந்தே ஆட வேண்டும். 1986-இல் வெளிவந்த லெஜண்ட் ஆஃப் செல்டா என்னும் ஆட்டம், ஆடியவரை சேமித்து வைத்துக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து தொடரும் வசதியைத் தந்தது. பின்னர் 1996-இல் போக்கிமான் வந்தது. அதில் ஆட்டக்காரன் தொடக்கத்திலேயே மூன்று உயிர்களுள் ஒன்றைத் தனக்குத் துணையாகத் தேர்ந்தெடுக்க வேண்டும். ஒன்றை எடுத்தால் மற்ற இரண்டும் தனக்கில்லை. அந்த ஆட்டத்தில் சேமிப்புக்கு இடம் ஒன்றே ஒன்று. வேறு துணையோடு நடந்து பார்க்க ஆசைப்பட்டவன் புதிதாகத் தொடங்கிச் சேமித்தால், பழைய பயணம் முழுவதும் மறைந்துவிடும். நாள்கணக்கில் பேணி வளர்த்த உயிர்களும் அதனோடு போய்விடும்.

ஆகவே, அழிக்கும் அப்பொத்தானின்மேல் விரலை வைத்த சிறுவன் சற்றே தயங்குகிறான். "உறுதிதானா?" என்று கருவியும் கேட்கிறது. அந்தத் தயக்கம் மதிக்கத்தக்கது. ஈட்டியதை விட்டால்தான் வேறொன்றைத் தொட முடியும் என்னும் நிலையைப் பத்து வயதுப் பிள்ளை அங்கே முதன்முறையாகச் சந்திக்கிறது.

அழித்த பின் அவனிடம் என்ன எஞ்சுகிறது? கருவியில் ஒன்றும் இல்லை. ஆயினும் எந்த வழி முட்டுச்சந்து, எந்தப் பகைவனை எப்படி எதிர்கொள்வது, எங்கே பொறுத்திருப்பது என்பதையெல்லாம் அவன் அறிவான். முதன்முறை ஒரு மாதம் பிடித்த தொலைவை இம்முறை ஒரு வாரத்தில் கடக்கிறான். கருவி அவனைப் புதியவனாகவே கணக்கிடுகிறது. அவனோ புதியவன் அல்லன்.

காவிரி நாட்டார்க்கு இது புதிய செய்தியன்று. திண்ணைப் பள்ளியில் பிள்ளைகள் மணலைப் பரப்பி விரலால் எழுத்தெழுதிப் பழகினர். அகரத்தை எழுதிய கை, அடுத்த எழுத்துக்காக அதே மணலைத் தடவிச் சமன் செய்தது. மணலில் ஓர் எழுத்தும் நிற்கவில்லை. விரலில் எல்லாம் நின்றன. வயலும் அவ்வாறே. குறுவை அறுவடையானதும், உழவர் நின்ற தாளை மடக்கி உழுது அடுத்த நடவுக்கு நிலத்தைத் திருத்துகின்றனர். அப்போகத்திற்குத் தாளடி என்றே பெயர். வரப்புக்கு வரப்பு பொன்னாய்ச் சாய்ந்து கிடந்த கதிர், சில நாளில் இருந்த சுவடில்லாமல் சேறாகிவிடுகிறது. அதை யாரும் அழிவென்று வருந்துவதில்லை. ஆறு கொண்டுவந்து சேர்த்த வண்டல் அடியில் இருக்கிறது என்பது உழுபவனுக்குத் தெரியும்.

ஈட்டியதை ஒதுக்கி வைத்துவிட்டு முதலிலிருந்து தொடங்கிய பெருமகன் ஒருவர் இந்தத் தஞ்சைத் தரணியிலேயே வாழ்ந்தார். அவர் அவ்வாறு தொடங்கிய இடமோ சமணப் பெருமக்களின் இல்லம். அவர் உத்தமதானபுரம் உ.வே.சாமிநாதையர்.

1855-இல் பிறந்த ஐயர், 1871-இல் மாயூரத்தில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் மாணவராகச் சேர்ந்தார். ஆசிரியர் 1876-இல் மறையும் வரை உடனிருந்து கற்றார். அந்தாதி, கலம்பகம், பிள்ளைத்தமிழ், கோவை, உலா, தலபுராணம் என அவர் பாடங்கேட்ட நூல்கள் பல. திருவாவடுதுறை ஆதீனத்தின் சூழலில் புலமை முதிர்ந்தது. 1880-இல் தியாகராச செட்டியார் ஓய்வு பெற்றபோது, அவர் வகித்த கும்பகோணம் கல்லூரித் தமிழாசிரியர் பதவி ஐயருக்குக் கிடைத்தது. அகவை இருபத்தைந்து, அரசாங்கக் கல்லூரியில் வேலை, கற்றோர் நடுவே நற்பெயர். ஆட்டத்தின் மொழியில் சொன்னால், பல கட்டங்களைக் கடந்து சேமித்து வைத்த நிலை அது.

அவ்வாண்டு அக்டோபர் 21-ஆம் நாள், கும்பகோணத்திற்கு முன்சீபாக வந்திருந்த சேலம் இராமசாமி முதலியாரைக் காண ஐயர் சென்றார். யாரிடம் கற்றீர், எவற்றைக் கற்றீர் என்று முதலியார் வினவினார். ஐயர் தாம் கற்ற நூல்களை வரிசையாகச் சொன்னார். சொல்லச் சொல்லக் கேட்பவர் முகத்தில் வியப்பு மலரும் என்பது அவர் எதிர்பார்ப்பு. மலரவில்லை. இவற்றுக்கெல்லாம் மூலமான பழைய நூல்களைப் படித்ததுண்டா, சிந்தாமணியும் சிலப்பதிகாரமும் மணிமேகலையும் தெரியுமா என்பதே முதலியார் கேட்டது. ஐயர் அவற்றைப் படித்திருக்கவில்லை. ஏட்டைத் தந்து, சிந்தாமணியைப் பாடம் சொல்ல முடியுமா என்று முதலியார் கேட்டபோது, ஐயர் இசைந்தார்.

படிக்கத் தொடங்கியதும் தம் கல்வியின் எல்லை அவருக்குத் தெரிந்தது. தமிழ்தான், ஆனால் பொருள் பிடிபடவில்லை. நச்சினார்க்கினியர் உரை இருந்தது. அவ்வுரையையும் சமண சமயக் கோட்பாடும் மரபும் அறிந்தவர்தாம் முழுதும் உணர முடியும். சைவ மடத்தின் நிழலில் வளர்ந்த புலவர்க்கு அவை அறிமுகமில்லாதவை. இவ்விடத்தில் கற்றவர் பலர் செய்வது என்ன? தெரிந்ததைக் கொண்டு தெரியாததை மூடிவிடுவர். அல்லது, அது பிறசமய நூல், நமக்கெதற்கு என்று ஒதுங்குவர். இரண்டுக்கும் வழியிருந்தது. அவர் இரண்டையும் செய்யவில்லை.

கும்பகோணத்திலேயே சமணக் குடும்பங்கள் இருப்பதை அறிந்து, நண்பர் ஒருவர் துணையோடு அவர்தம் இல்லத்திற்குச் சென்றார். சென்ற நாளில் அங்கே வீடு விழாக்கோலம் பூண்டிருந்தது. விசாரித்தால், அவ்வீட்டார் சிந்தாமணியைத் தொடர்ந்து படித்து வந்து, அன்று நிறைவு செய்கிறார்கள். எந்த நூலின் ஒரு பாட்டுக்குப் பொருள் தெரியாமல் கல்லூரி ஆசிரியர் தவித்தாரோ, அந்நூல் நடந்து செல்லும் தொலைவில் ஒரு வீட்டில் பாராயண நூலாக வாழ்ந்துகொண்டிருந்தது. சந்திரநாத செட்டியார் முதலிய சமண அன்பர்களிடம் ஐயர் மாணவராக அமர்ந்தார். பகலில் கல்லூரியில் ஆசிரியர். ஓய்வு நேரத்தில், வணிகர் வீட்டில் எழுத்தறியத் தொடங்கும் பிள்ளையைப்போல ஐயம் கேட்கும் மாணவர். ஒவ்வொரு சமணச் சொல்லையும் அதன் வழக்கோடு கேட்டு உணர்ந்தார். இல்லத்துப் பெண்டிர்க்கும் இயல்பாகத் தெரிந்திருந்த செய்திகள் அவர் கற்ற எந்தப் புராணத்திலும் கிடைக்காதவை.

அவர் அழித்தது எதனை? கற்ற தமிழை அன்று. மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பழகிய யாப்பும் நினைவாற்றலும் சொல்லுணர்வும் வண்டல்போல் அடியில் கிடந்து, புதிய பயிருக்கு உரமாயின. தமக்கு எல்லாம் தெரியும் என்ற பதிவைத்தான் அவர் அழித்தார். சிந்தாமணியைப் பதிப்பிப்பதை விரும்பாதவர் சைவ உலகில் இருந்தனர். அவர்தம் சொல்லுக்கும் அவர் இடையூறின்றி நடக்க வேண்டியிருந்தது. ஏழாண்டு உழைப்பின் பின் 1887-இல் சீவக சிந்தாமணி உரையுடன் அச்சேறியது. அடுத்தடுத்த நூல்களிலும் அவர் முதற்படியிலிருந்தே தொடங்கினார். 1898-இல் வெளிவந்த மணிமேகலைக்காகப் பௌத்தத்தை அகரத்திலிருந்து கற்க வேண்டியிருந்தது. அதற்குக் கல்லூரியில் உடன் பணியாற்றிய மளூர் ரங்காசாரியாரின் உதவியை நாடினார். சமணரிடம் கேட்டுக் கற்ற பழக்கம் அங்கே கைகொடுத்தது. அச்சேறிய சிந்தாமணியையே முடிந்த நூலென்று விட்டுவிடாமல், மேலும் ஏடுகளை ஒப்பிட்டுத் திருத்தி, 1907-இல் இரண்டாம் பதிப்பைக் கொண்டுவந்தார்.

அவர் கற்ற நூலின் கதையும் இதையே வேறொரு தளத்தில் பேசுகிறது. திருத்தக்கதேவரின் தலைவன் சீவகன், தந்தை சச்சந்தன் வஞ்சகனால் வீழ்ந்த நாளில் சுடுகாட்டில் பிறந்தவன். வணிகன் கந்துக்கடன் வீட்டில் வளர்ந்து, அச்சணந்தியிடம் கலைகள் பயின்று, மணங்கள் பல முடித்து, கட்டியங்காரனை வென்று, இழந்த ஏமாங்கதத்தை மீட்டான். வெல்ல வேண்டியவை எல்லாம் வென்றாயிற்று. ஒருநாள் சோலையில், ஆண்குரங்கொன்று தன் துணைக்குப் பலாப்பழத்தை ஊட்ட முயல்கிறது. காவலன் அதனைத் துரத்திவிட்டுப் பழத்தைத் தான் எடுத்துக்கொள்கிறான். அதைக் கண்ட சீவகன், கட்டியங்காரனிடமிருந்து தான் கொண்ட அரசும் அப்பழம் போன்றதே என்று உணர்கிறான். அரசை மகனிடம் ஒப்படைத்துத் துறவு மேற்கொள்கிறான். பதின்மூன்று இலம்பகங்களுள் இறுதியது முத்தி இலம்பகம்.

சிறுவன் அழிப்பதற்கும் சீவகன் துறந்ததற்கும் உள்ள வேற்றுமையையும் சொல்லியாக வேண்டும். சிறுவன் அதே ஆட்டத்தை இன்னும் நன்றாக ஆட அழிக்கிறான். சீவகனோ அந்த ஆட்டத்தையே விட்டு எழுகிறான். ஆயினும் இருவரும், சேர்த்தது தன்னினும் பெரிதன்று என்பதைக் கையால் செய்து காட்டுகின்றனர்.

இனி எச்சரிக்கை இரண்டு. ஒன்று: எல்லா அழிப்பும் தொடக்கமாகாது. ஏடு தேடி அலைந்த காலத்தில் ஐயர் கரிவலம்வந்தநல்லூர் சென்றார். அங்குக் கோயிலில் கிடந்த பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து வேள்வித் தீயில் இட்டுவிட்டதாகக் கேட்டு நெஞ்சு வெந்தார். ஆடிப் பெருக்கில் ஏடுகளை ஆற்றில் விடும் வழக்கமும் இருந்தது. அவ்வாறு போனவை மீளவில்லை. அவற்றைக் கற்றிருந்தவர் நினைவும் அவரோடு போயிற்று. தன் பதிவை ஒருவன் அழிக்கலாம்; பலர்க்கு உரியதை அழிக்க எவர்க்கும் உரிமையில்லை. ஒரே கைபேசியில் அண்ணனும் தங்கையும் ஆடும் வீட்டில் இதைச் சொல்லித்தர வாய்ப்பு அடிக்கடி வரும். தங்கையின் சேமிப்பைக் கேளாமல் அழித்த அண்ணன் செய்தது புதுத் தொடக்கமன்று. அதனை இன்னாசெய்தல் என்றே சொல்ல வேண்டும். தன் கருவி, தன் விளையாட்டு என்ற சமாதானம் அழுகிற பிள்ளையின் முன் நிற்காது.

மற்றொன்று: வாழ்க்கையில் ஒரே பொத்தானில் எல்லாம் அழிவதில்லை. சமண நூல்கள் உரைக்கும் ஒன்பது பொருள்களுள் ஊற்று, செறிப்பு, உதிர்ப்பு என்பவை உண்டு. வினை உயிரினிடத்து வந்து சேர்வது ஊற்று. அவ்வரவைத் தடுப்பது செறிப்பு. முன்பே படிந்ததைத் தவத்தால் சிறிது சிறிதாக நீக்குவது உதிர்ப்பு. ஓட்டைக் கலத்தில் நீர் இறைப்பவன் முதலில் ஓட்டையை அடைக்க வேண்டும். பிறகே இறைத்த நீர் குறையும். பகைமை பாராட்டிய உறவோடு மீண்டும் தொடங்க நினைப்பவர், பழையதை மறந்துவிட்டோம் என்ற ஒரு சொல்லால் அழித்துவிட முடியாது. கடுஞ்சொல்லை முதலில் நிறுத்துவது செறிப்பு. செய்த பிழைக்கு நேரில் சென்று பொறுத்தல் வேண்டி, நாளும் நடத்தையால் அதனைக் குறைத்துவருவது உதிர்ப்பு. விழா நாள்களில் ஒருவரையொருவர் மன்னிக்க வேண்டும் மரபு இதற்காகவே ஏற்பட்டது.

ஆகவே, வீட்டில் பிள்ளை தன் ஆட்டத்தை அழித்துவிட்டு முதற்கட்டத்தில் நிற்கக் கண்டால், வீண் வேலை என்று ஏச வேண்டுவதில்லை. பக்கத்தில் அமர்ந்து, போன முறை எங்கே தவறினாய், இம்முறை எதை மாற்றப்போகிறாய் என்று கேட்கலாம். விடை சொல்லத் தெரிந்த பிள்ளை கற்றிருக்கிறது. விடை தெரியாத பிள்ளைக்கு அக்கேள்வியே பாடமாகும். அதே கேள்வியைப் பெரியவர்கள் தமக்குள்ளும் ஒருமுறை கேட்டுக்கொள்வது நன்று. கல்லூரி ஆசிரியர் ஒருவர் ஏட்டைக் கையில் ஏந்தி, தெரியாது என்று சொல்லிக்கொண்டு படியேறி வந்தபோது, கும்பகோணத்துச் சமண இல்லம் அவரை உள்ளே அழைத்து அமரச் செய்தது. அவ்வாறு ஒருவர் வந்து கேட்டால் சொல்லித்தர, இன்று நம் இல்லங்களில் சிந்தாமணி திறந்த நூலாக இருக்குமானால், இவ்விழா நிறைவுடையதாகும்.