பன்றிக்கறி கட்லெட்டும் கீரை சாஸும்: எங்கள் குழு கற்றுக்கொண்டது

(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் பேசியது)



எனக்கு மேடையில் பேசிப் பழக்கம் கிடையாது. பத்தாவது வரைக்கும் படிச்சதோட சரி. "நீ செய்யிற சமையலைப் பத்தியே பேசு, அது போதும்"னு தலைவி அக்கா சொன்னதால ஒத்துக்கிட்டேன். அதனால நான் பேசப்போறது பன்றிக்கறி கட்லெட். சிரிக்காதீங்க. எங்க குழுவுலயும் முதல் நாள் இப்படித்தான் சிரிச்சாங்க.

எங்க ஊர் ஏற்காடு மலையில இருக்குது. சுற்றுலாக்காரங்க தங்குற வீடுகளுக்குச் சாப்பாடு செஞ்சு குடுக்குறதுதான் எங்க குழுவோட தொழில். ஒரு தடவை ஜெர்மனி நாட்டு பிராங்பர்ட் ஊரிலிருந்து வந்த ஒரு வயசான அம்மா ஒரு மாசம் தங்கினாங்க. பத்து நாள் நம்ம சாப்பாட்டை ரசிச்சுச் சாப்பிட்டாங்க. அப்புறம், "எங்க ஊர் சாப்பாடு ஒண்ணு சொல்லித் தர்றேன், செய்வீங்களா?"ன்னு கேட்டாங்க. அவங்க சொல்லிக் குடுத்ததுதான் ஷ்னிட்செல். கறியை மெல்லிசாத் தட்டி, மாவு, முட்டை, பிரெட் தூள் பூசிப் பொரிக்கிறது. கூடவே பச்சைக் கீரை போட்ட ஒரு குளுந்த சாஸ், வேகவெச்ச உருளைக்கிழங்கு. அவங்க ஊர்ல பன்றிக்கறிதான் இதுக்கு அதிகமாப் போடுவாங்களாம்.

முதல்ல குழுவுல நடந்ததைச் சொல்றேன். நாங்க பன்னிரண்டு பேர். மூணு பேர் "எங்க வீட்டுல பன்னிக்கறி தொடமாட்டோம்"னு சொல்லிட்டாங்க. இன்னும் ரெண்டு பேர், "ஊர்ல பன்னி ஆக்குறவங்கன்னு பேரு வந்துரும்"னு பயந்தாங்க. ரெண்டு கூட்டம் இதையே பேசினோம். கடைசியில தீர்மானப் பதிவேட்டில் இப்படி எழுதினோம்: வேண்டாம்னு சொல்றவங்களை யாரும் கட்டாயப்படுத்தக் கூடாது, கேலியும் பேசக் கூடாது. இந்தக் கறிக்குத் தனி வாணலி, தனிப் பலகை, தனிக் கத்தி. தொடாதவங்க கிழங்கு வேலையும் கீரை வேலையும் பார்க்கலாம், கூலி எல்லாருக்கும் ஒண்ணுதான். அந்தத் தீர்மானத்துல பன்னிரண்டு பேரும் கையெழுத்துப் போட்டோம்.

இனி செய்முறை. பத்துப் பேருக்குச் சொல்றேன்.

கறி ஒன்றரை கிலோ. கொட்டகையில அடைச்சுத் தீவனம் போட்டு வளர்த்த வெண்பன்றிக் கறியா வாங்கணும். தெருவுல திரியிற பன்றி வேண்டவே வேண்டாம், காரணம் பின்னால சொல்றேன். முதுகுச் சதை இல்லேன்னா தொடைச் சதை, எலும்பில்லாம. நாருக்குக் குறுக்கால வெட்டி, ஆளுக்கு 150 கிராம் வர்ற மாதிரி பத்துத் துண்டு போடணும். ரெண்டு பிளாஸ்டிக் தாளுக்கு நடுவுல வெச்சு, சப்பாத்திக் கட்டையால நடுவிலிருந்து ஓரத்துக்குத் தட்டுங்க. அரை சென்டிமீட்டர் கனம் வரணும். கோபத்தைக் காட்டினா கிழிஞ்சிரும், பொறுமையாத் தட்டணும். அப்புறம் ஈரத்தைத் துணியால ஒத்தி எடுத்து, உப்பும் மிளகுத்தூளும் தடவிக்குங்க.

மூணு தட்டு வேணும். முதல் தட்டுல மைதா, ரெண்டாவதுல அடிச்ச முட்டை நாலு, மூணாவதுல காய்ஞ்ச பிரெட் தூள். இந்த வரிசை மாறக்கூடாது. மாவு ஈரத்தை இழுக்கும், மாவுல முட்டை ஒட்டும், முட்டையில தூள் ஒட்டும். தூளை அழுத்தி அமுக்காதீங்க. லேசாப் புரட்டினாத்தான் பொரியும்போது மேல்தோல் உப்பி வரும்.

பூசின உடனே பொரிச்சிரணும். இதுல நாங்க பட்ட அடியைச் சொல்றேன். முதல் தடவை நான் கெட்டிக்காரத்தனமாக் காலையில பத்து மணிக்கே பூசி வெச்சிட்டேன். மத்தியானம் ஒரு மணிக்கு எண்ணெயில போட்டா, தூள் ஈரத்துல ஊறித் தனியாக் கழண்டு எண்ணெய் பூரா மிதக்குது. துண்டும் கனமா இருந்துச்சு. வெளியில கருகிப்போச்சு, உள்ள வெட்டிப் பார்த்தா சிவப்பு. விருந்தாளிங்க மேசையில உட்கார்ந்திருக்காங்க. "வெளியில நல்லாத்தானே இருக்கு, குடுத்துரலாம்"னு ஒரு குரல் வந்துச்சு. எனக்கும் ஒரு நிமிஷம் அந்த ஆசை வந்துச்சு, பொய் சொல்ல மாட்டேன். ஆனா குடுக்கல. அன்னைக்கு விருந்தாளிங்களுக்கு முட்டைக் குழம்பும் சோறும் போட்டோம். கறியைக் குழி தோண்டிப் புதைச்சோம். நஷ்டம் 700 ரூபாய், குழுக் கணக்குல அப்படியே எழுதினோம்.

எண்ணெய் வாணலியில ஒரு விரல் ஆழம் இருக்கணும். ஒரு சிட்டிகை தூளைப் போட்டா உடனே நுரைச்சு மேல வரணும், அதுதான் பதம். அளந்தா 170 டிகிரி வரும். ஒரு தடவைக்கு ரெண்டு துண்டுக்கு மேல போடாதீங்க, எண்ணெய் சூடு இறங்கிரும். ஒரு பக்கத்துக்கு ரெண்டரை மூணு நிமிஷம். வாணலியை லேசா ஆட்டி, எண்ணெய் மேல ஏறி விழுற மாதிரி பண்ணணும். பொன்னிறம் வந்ததும் எடுத்துத் தட்டுல போடாம கம்பி வலை மேல வெச்சா மொறுமொறுப்புப் போகாது. கறிக்குள்ள குத்திப் பார்க்குற வெப்பமானி ஒண்ணு குழுப் பணத்துல வாங்கினோம். 71 டிகிரி காட்டாம நாங்க எதையும் இறக்குறதில்லை.

இப்ப சாஸ். பிராங்பர்ட்டில் இதுக்கு "க்ரூனே ஸோஸே"ன்னு பேரு. பச்சை சாஸ்னு அர்த்தம். ஏழு வகை பச்சிலை போடுவாங்க. பார்ஸ்லி, சைவ்ஸ், செர்வில், பொராஜ், க்ரெஸ், பர்னெட், சோரல். ஏழும் நமக்குக் கிடைக்காது. ஊட்டியிலிருந்து சேலம் மார்க்கெட்டுக்கு வர்ற பார்ஸ்லி, வெங்காயத்தாள், கொஞ்சம் கொத்தமல்லி போடுறோம். சோரலுக்குப் பதிலா நம்ம சுக்காங்கீரை. ரெண்டும் ஒரே குடும்பத்துக் கீரை, அதே புளிப்பு. எல்லாம் சேர்த்து 300 கிராம் இலை, பொடிப்பொடியா நறுக்கணும். தயிர் முக்கால் கிலோ எடுத்துத் துணியில கட்டித் தண்ணியை வடிச்சிட்டு, 200 மில்லி கிரீம் சேர்த்துக் கடையணும். நாலு முட்டை வேகவெச்சு, மஞ்சள் கருவை ஒரு கரண்டி எண்ணெய், கடுகு விழுதோட மசிச்சு அதுல கலக்கணும். வெள்ளைக் கருவை நறுக்கிப் போடணும். உப்பு, மிளகு, எலுமிச்சைச் சாறு, ஒரு சிட்டிகை சர்க்கரை. அடுப்புல வைக்கவே கூடாது, தயிர் திரிஞ்சிரும். ஒரு மணி நேரம் குளிர வெச்சு, கட்லெட்டுக்கு மேல ஊத்தாமப் பக்கத்துல வைக்கணும். மேல ஊத்தினா மொறுமொறுப்புக்குப் பட்ட பாடெல்லாம் வீண்.

அடுப்புல வைக்காத சாஸ்னு சொன்னேன் இல்லீங்களா, அங்கதான் முக்கியமான சேதி இருக்கு. பன்றிக்கறி தின்னா வலிப்பு வரும்னு நம்ம ஊர்ல ஒரு பேச்சு உண்டு. நானும் அதை நம்பியிருந்தேன். சுகாதார நிலையத்துல கேட்டப்பத்தான் விவரம் புரிஞ்சுது. நாடாப்புழுன்னு ஒண்ணு இருக்குது. திறந்த வெளியில மனுஷன் போன மலத்தைத் திங்கிற பன்றியோட சதையில அதோட கட்டிகள் இருக்கும். அந்தக் கறியை அரைவேக்காடாத் தின்னா, நம்ம குடல்ல புழு வளரும். ஆனா வலிப்பு வர்றது வேற வழி. புழு உள்ள ஒருத்தரோட மலத்துல வர்ற முட்டை, கழுவாத கை வழியாவோ, கீரை வழியாவோ, தண்ணி வழியாவோ நம்ம வாய்க்குள்ள போய், மூளையில கட்டியா உட்கார்ந்தாத்தான் வலிப்பு. அப்படின்னா பன்றிக்கறியே தின்னாதவங்களுக்கும் அது வரலாம். எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. கறியைப் பார்த்துப் பயந்த நாங்க, கீரையை ஒரு தண்ணியில அலசிட்டு விட்டுட்டிருந்தோம்.

அன்னையிலிருந்து பச்சைக் கீரையை இலை இலையாப் பிரிச்சு, குழாய்த் தண்ணி ஓட விட்டு மூணு தடவை கழுவுறோம். சோப்புப் போட்டுக் கை கழுவாம யாரும் கீரையைத் தொடக்கூடாது. கறி வெட்டின பலகையில கீரை நறுக்கக் கூடாது. இது கட்லெட்டுக்கு மட்டும் இல்லீங்க. வீட்டுல கொத்தமல்லிச் சட்னி அரைக்கிறவங்க, குழந்தைக்குப் பச்சை வெங்காயம் நறுக்கிப் போடுறவங்க எல்லாருக்கும்தான். வீட்டுக் கழிப்பறையைப் புழங்குறதும் இதுல ஒரு பாதி.

அடுத்தது, எனக்கு இன்னைக்கும் நெஞ்சு பதறுற ஒரு விஷயம். ஆரம்பத்துல, ஊர்ப்பேச்சுக்குப் பயந்து, பலகையில நாங்க "ஸ்பெஷல் கட்லெட்"னுதான் எழுதினோம். நம்ம பக்கம் கட்லெட்னா உருளைக்கிழங்கு, பீட்ரூட் வெச்சுச் செய்யிறதுதானே? பார்க்கவும் அதே பிரெட் தூள், அதே நிறம். ஒரு நாள் வண்டி ஓட்டிட்டு வந்த ஒரு பாய், பசியோட வந்து, "அம்மா, ரெண்டு கட்லெட் குடுங்க"ன்னு தட்டுல கை வெச்சிட்டார். நான் சமையல்கட்டிலிருந்து ஓடி வந்து கையைப் பிடிக்காத குறையா நிறுத்தினேன். "பாய், அது பன்றிக்கறி, மன்னிச்சுக்குங்க"ன்னேன். அவர் கோபிக்கல. "சொன்னீங்களேம்மா, அது போதும்"னு சொல்லிட்டு, சோறும் ரசமும் சாப்பிட்டுட்டுப் போனார். நான் ஒரு நிமிஷம் தாமதமா வந்திருந்தா என்ன ஆகியிருக்கும்? எங்க வெட்கத்துக்கு அவர் விலை குடுத்திருப்பார். அன்னைக்கு ராத்திரி எனக்குத் தூக்கமே வரல.

அந்த ஜெர்மனி அம்மா கிட்ட இதைச் சொன்னப்ப அவங்க ஒண்ணு சொன்னாங்க. அவங்க நாட்டுல "வீனர் ஷ்னிட்செல்"னு எழுதினா அது கன்னுக்குட்டிக் கறியாத்தான் இருக்கணும். பன்றிக்கறின்னா அதைச் சொல்லித்தான் விக்கணும், அது சட்டம். அந்தப் பச்சை சாஸுக்கும் 2016இல் புவிசார் குறியீடு வாங்கியிருக்காங்க, நம்ம ஈரோடு மஞ்சளுக்கும் கொடைக்கானல் மலைப்பூண்டுக்கும் இருக்குற மாதிரி. அதனால நாங்க நாலு கீரை போட்டுச் செய்யிறதுக்கு பிராங்பர்ட் பேரை வைக்கிறதில்லை. இப்ப எங்க பலகையில இருக்குறது: "வெண்பன்றிக்கறி கட்லெட், கீரை கிரீம் சாஸ். முட்டை, பால், மைதா சேர்த்தது." பெரிய எழுத்துல, எல்லாருக்கும் தெரியிற இடத்துல. அந்தப் பேரை எழுதினதுக்கு அப்புறம் வியாபாரம் குறையல. கேட்டு வர்றவங்கதான் வர்றாங்க.

கணக்கையும் சொல்லிடுறேன், இல்லேன்னா மேலாளர் ஐயா கேப்பார். பத்துத் தட்டுக்குக் கறி 510 ரூபாய், முட்டை எட்டுக்கு 56, மைதாவும் பிரெட் தூளும் 60, எண்ணெய் 120, தயிரும் கிரீமும் 135, கீரை 50, உருளைக்கிழங்கு 70, கேஸ் 50, உப்பு மிளகு எலுமிச்சை எல்லாம் 29. ஆகமொத்தம் 1,080. ரெண்டு பேர் கூலி 500. செலவு 1,580. ஒரு தட்டு 220 ரூபாய்க்குக் குடுக்குறோம், 2,200 வருது. மிச்சம் 620. கூலியைக் கழிக்காம 1,120 லாபம்னு சொல்லிக்கலாம். ஆனா நம்ம உழைப்பை நாமே ஓசின்னு எழுதினா வேற யாருங்க மதிப்பாங்க?

அக்கா தங்கச்சிங்களே, எல்லாரும் பன்றிக்கறி சமையுங்கன்னு நான் சொல்ல வரல. உங்க ஊர்ல கருவாடோ, கம்பங்கூழோ, முறுக்கோ எதுவா இருந்தாலும் சரி. உள்ள வரைக்கும் வெந்துச்சான்னு பாருங்க. கையையும் கீரையையும் கழுவுங்க. செஞ்சதுக்கு அதோட பேரையே எழுதுங்க. வெட்கப்பட்டு மறைச்சு விக்கிறதை விட, வெளிச்சத்துல பேரைச் சொல்லி விக்கிற ஒரு தட்டு மேல்.

"பன்னி ஆக்குறவங்கன்னு பேரு வந்துரும்"னு பயந்த அந்த ரெண்டு பேர்ல ஒருத்தி இன்னைக்கு இங்க முன் வரிசையில உட்கார்ந்திருக்கா. பலகையில அந்தப் பேரைப் பெரிய எழுத்துல எழுதினது அவதான். அவ கையெழுத்து எங்க குழுவுலயே ரொம்ப அழகு.