கற்பிதமும் கவிதையும்: பெனடிக்ட் ஆண்டர்சனின் வாழ்வும் ஆய்வும்



1978 டிசம்பரில் வியட்நாமியப் படை கம்போடியாவுக்குள் புகுந்தது. 1979 பிப்ரவரியில் சீனப் படை வியட்நாமின் எல்லையைத் தாண்டியது. மூன்று நாடுகளிலும் ஆட்சியில் இருந்தவை பொதுவுடைமைக் கட்சிகள். மூன்றுமே ஏகாதிபத்தியத்தை எதிர்த்து எழுந்தவை. உழைக்கும் வர்க்கத்தின் ஒருமை நாட்டெல்லைகளைக் கடந்தது எனப் போதித்தவை. ஆயினும் தத்தம் எல்லைக்காக அவை ஒன்றையொன்று தாக்கின. முதலாளித்துவப் போட்டி, ஏகாதிபத்தியச் சூழ்ச்சி என்னும் பழகிய விளக்கங்கள் இப்போருக்கு முழுமையாகப் பொருந்தவில்லை. தேசியத்தைப் புரிந்துகொள்ளாமையே மார்க்சியத்தின் பெரும் வரலாற்றுத் தோல்வி என ஸ்காட்லாந்துச் சிந்தனையாளர் டாம் நேர்ன் ஏற்கெனவே எழுதியிருந்தார். அத்தோல்வியை மறைக்காமல் எதிர்கொண்டு, மார்க்சிய மரபின் உள்ளிருந்தே விடை தேடியவர் பெனடிக்ட் ஆண்டர்சன். அவருடைய விடை கட்சித் தீர்மானங்களிலிருந்து வந்ததன்று. நாவலிலிருந்தும் நாளிதழிலிருந்தும் கவிதையிலிருந்தும் வந்தது. இலக்கிய வட்டம் ஒன்றில் அவரைப் பற்றிப் பேசுவதற்குரிய முதற் காரணம் இதுவே.

ஆண்டர்சன் 1936 ஆகஸ்டு 26 அன்று சீனத்தின் குன்மிங் நகரில் பிறந்தார். தந்தை சீனக் கடல்சுங்கத் துறையில் பணியாற்றிய ஆங்கிலோ–ஐரிஷ் மரபினர்; தாய் ஆங்கிலேயர்; வளர்த்த செவிலி வியட்நாமியப் பெண். போர்ச்சூழலில் 1941இல் குடும்பம் சீனத்தை விட்டு நீங்கிக் கலிபோர்னியாவில் தங்கிற்று. 1945இல் அயர்லாந்து சென்றது. பின்னாளில் இடதுசாரிச் சிந்தனையாளராகப் பெயர்பெற்ற பெரி ஆண்டர்சன் இவருடைய தம்பி. உதவித்தொகை பெற்று ஈட்டன் பள்ளியிலும், பின்னர்க் கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரியிலும் பயின்ற ஆண்டர்சன் கிரேக்கமும் இலத்தீனும் கற்று 1957இல் பட்டம் பெற்றார். சென்ற இடமெல்லாம் அவருடைய பேச்சு வேற்றூர்ப் பேச்சாகவே ஒலித்தது. எந்த நாட்டையும் முழுதாகத் தன்னுடையது எனக் கொள்ள இயலாத ஒருவரே நாடு என்பது யாது என்று வாழ்நாள் முழுதும் வினவினார்.

1956இல், சூயஸ் படையெடுப்பின்போது, கேம்பிரிட்ஜில் ஆசிய மாணவர் சிலர் அப்படையெடுப்பைக் கண்டித்துக் கூடினர். மேட்டுக்குடி ஆங்கில மாணவர் கூட்டமொன்று அவர்களைத் தாக்கியது. தடுக்க முயன்ற ஆண்டர்சனின் மூக்குக்கண்ணாடியும் பறிபோயிற்று. தாக்கியவர்கள் பின்பு வரிசையாக நின்று பிரிட்டனின் தேசியகீதத்தைப் பாடினர். அவரை அரசியலின் பக்கம் திருப்பிய நிகழ்ச்சிகளுள் இது ஒன்று. ஒரே பாட்டு முன்பின் அறியாதவர்களை ஒரு குரலாக்கவும் வல்லது. அடித்த கைக்கு நியாயம் வழங்கவும் வல்லது. இவ்விரண்டையும் ஒருசேர விளக்கும் கடன் அன்று முதல் அவர்மேல் விழுந்தது எனலாம்.

1958இல் அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகம் சென்று, இந்தோனேசிய ஆய்வின் முன்னோடியான ஜார்ஜ் கஹினிடம் பயின்றார். 1961 முதல் 1964 வரை இந்தோனேசியாவில் தங்கி, அந்நாட்டு மொழியையும் ஜாவா மொழியையும் மக்களிடையே வாழ்ந்து கற்றார். 1965 அக்டோபரில் அந்நாடு குருதியில் மூழ்கியது. படைத்தலைவர் அறுவர் கொல்லப்பட்டதற்குப் பொதுவுடைமைக் கட்சியே காரணம் எனக் கூறி, இராணுவத்தின் முன்கையுடன் நடந்த படுகொலையில் ஐந்து இலட்சத்துக்குக் குறையாத மக்கள் மாண்டனர் என்பது பரவலாக ஏற்கப்பட்ட மதிப்பீடு. 1966 ஜனவரியில் ஆண்டர்சனும் ரூத் மக்வேயும் பிரெடரிக் பன்னலின் துணையுடன் மறைமுக அறிக்கை ஒன்றை எழுதினர். நிகழ்ந்தது இராணுவத்தின் உட்பூசலே என்றும், அதைத் திட்டமிட்டது கட்சியன்று என்றும் அது வாதிட்டது. அறிக்கை கசிந்தது. 1967இல் கட்சியின் பொதுச்செயலர் சுதிஸ்மான் விசாரிக்கப்பட்டபோது ஆண்டர்சன் அந்நீதிமன்றத்தில் அமர்ந்திருந்தார். மரணத்தை எதிர்நோக்கி நின்ற அம்மனிதரின் இறுதியுரையைப் பின்னர் ஆங்கிலத்தில் பெயர்த்தார். சுகார்த்தோ அரசு 1972இல் ஆண்டர்சனை நாட்டினின்று வெளியேற்றியது. அத்தடை 1998இல் சுகார்த்தோ வீழும்வரை நீடித்தது.

தான் நேசித்த நாட்டின் வாயில் அடைபட்டமை அவருடைய ஆய்வை அகலப்படுத்தியது. தாய்லாந்து சென்று தாய் மொழி கற்றார். பின்பு பிலிப்பைன்ஸை ஆராயத் தொடங்கித் தகாலோக் கற்றார். ஹோசே ரிசாலின் நாவலை அகராதியின் துணைகொண்டு வரிவரியாகப் படித்தே ஸ்பானிய மொழியைத் தேர்ந்தார். ஒரு நாட்டை மற்றொரு நாட்டின் கண்ணால் காணும் ஒப்பாய்வு இவ்வாறு அவருக்கு இயல்பாயிற்று. கிணற்றுத் தவளை எனத் தமிழர் சொல்வதை இந்தோனேசியர் தேங்காய்ச் சிரட்டையின் கீழிருக்கும் தவளை என்பர். ஆண்டர்சன் தம் தன்வரலாற்றில் விரும்பிக் கையாண்ட உவமை அது.

1983இல் வெளிவந்து இருபத்தைந்துக்கும் மேற்பட்ட மொழிகளில் பெயர்க்கப்பட்ட அவருடைய நூலின் பெயரைத் தமிழில் ‘கற்பிதம் செய்யப்பட்ட சமூகங்கள்’ எனலாம். இங்கு ஒரு சொல்லாய்வு தேவைப்படுகிறது. தமிழில் கற்பிதம் என்றதும் பொய் என்னும் பொருள் முந்திக்கொள்கிறது. ஆண்டர்சன் கருதியது அதுவன்று. தேசியம் இல்லாத தேசங்களைப் புனைகிறது என்று எர்னஸ்ட் கெல்னர் கூறியபோது, புனைதலைப் போலி என்பதோடு அவர் குழப்பிவிட்டார் என ஆண்டர்சன் மறுத்தார். முகத்துக்கு முகம் அறிந்தோர் வாழும் சிற்றூரைத் தாண்டிய சமூகம் எதுவும் கற்பனையால்தான் நிலைபெறுகிறது. இவ்வட்டத்தின் கூட்டத்தில் ஒருவரையொருவர் பெயரறிந்து பேசுவர். இம்மலரை எங்கோ ஓர் ஊரில் புரட்டவிருக்கும் வாசகரையோ எவரும் அறியார். அறியாத அவரையும் உடன்வாசகர் என உணர்வதற்கு வேண்டுவது கற்பனையே. ஆகவே, ஒரு சமூகம் மெய்யா பொய்யா என்பதன்று வினா. அது எவ்வகையில் கற்பனை செய்யப்படுகிறது என்பதே வினா.

அக்கற்பனைக்கு உடல் தந்தது எது? இங்குதான் மார்க்சியர் பேசுகிறார். அச்சும் முதலாளித்துவமும் கூடிய கூட்டே அது என்பது அவர் துணிபு. இலத்தீன் நூல்களின் சந்தை நிறைந்தபின், இலாபம் தேடிய பதிப்பாளர் மக்கள் மொழிகளை நாடினர். சிதறிக் கிடந்த வழக்குகள் அச்சுமொழிகளாகத் திரண்டன. அச்சு மட்டும் இதனைச் செய்துவிடாது என்பதற்குத் தமிழே சான்று கூறும். 1578இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ தமிழ் எழுத்தில் அச்சேறிற்று. ஆயினும், 1835இல் அச்சகக் கட்டுப்பாடுகள் நீங்கிய பின்னரே அச்சு இந்நாட்டார் கைகளில் பெருகிப் பரந்த வாசகரைத் திரட்டியது. பொறியோடு சந்தையும் வேண்டும். சந்தையோடு நாள்தோறும் படிப்போரும் வேண்டும்.

நாளிதழை ஒருவன் தனியே படிக்கிறான். அதே பொழுதில் ஆயிரமாயிரவர் அதையே படிக்கின்றனர் என்பதையும் அறிந்திருக்கிறான். நாவலில் ஒருவரையொருவர் அறியாத மாந்தர் ஒரே காலத்தில் இயங்குகின்றனர். அவர்களை ஒன்றாகக் காண்பவர் வாசகர் ஒருவரே. 1887இல் வெளிவந்த ரிசாலின் ‘நோலி மே தாங்கெரே’ ஒரு விருந்துச் செய்தி மணிலா நகரெங்கும் பரவுவதோடு தொடங்குகிறது. அந்த நகரமே வாசகர் மனத்தில் ஒரு தேசத்தின் முன்னுருவாகிறது. நாவலாசிரியன் நாட்டைப் பாடவில்லை. நாட்டை எண்ணுதற்குரிய வடிவத்தை அளித்தான்.

ஆயினும் சந்தையின் கணக்கு ஒன்றை விளக்காது. மக்கள் தேசத்துக்காக உயிர் துறப்பது ஏன்? பெயர் தெரியாப் போர்வீரனுக்குக் கல்லறை எழுப்பி வணங்குகின்றன தேசங்கள். பெயர் தெரியா மார்க்சியனுக்கு அத்தகைய கல்லறை எழுவதைக் கற்பனை செய்யவும் இயலாது என்றார் ஆண்டர்சன். எனவே தேசியத்தைத் தாராளவாதம், பாசிசம் என்னும் கொள்கை வரிசையில் வையாது, உறவுமுறை, சமயம் என்பவற்றின் வரிசையில் வைத்தார். சாவுக்குப் பொருள் தருவன இவை. 1896 டிசம்பர் 30 அன்று சுட்டுக் கொல்லப்படுமுன் ரிசால் எழுதிய விடைபெறு கவிதையை ஆண்டர்சன் எடுத்துக்காட்டினார். ஆள்வோரின் ஸ்பானிய மொழியிலேயே எழுதப்பட்ட அதில் ஆள்வோர்மீது வெறுப்பு இல்லை என்பது அவர் கண்டது. நாட்டுப்பற்றின் மொழி பெரும்பாலும் அன்பின் மொழியே. இனவெறியின் வேர் தேசத்தில் அன்று, மேட்டுக்குடியின் வர்க்கச் செருக்கில் உள்ளது என வாதிட்டார். கேம்பிரிட்ஜில் கண்டதை நினைவுகூர்ந்தால் இவ்வாதத்தின் ஊற்று விளங்கும்.

இக்கொள்கை மறுப்பின்றி நிற்கவில்லை. ஐரோப்பாவும் அமெரிக்காவும் வகுத்த வார்ப்புகளுள் ஒன்றைத் தெரிவதே ஆசிய ஆப்பிரிக்க மக்களுக்கு எஞ்சியதெனில், அவர்கள் கற்பனை செய்வதற்கு என்ன மிச்சம் என வங்க அறிஞர் பார்த்தா சட்டர்ஜி வினவினார். மொழி, நாடகம், குடும்பம் என்னும் அகவெளியில் குடியேற்ற நாட்டு மக்கள் அரசியற் போருக்கு முன்பே தம் தேசத்தைப் படைத்துவிட்டனர் என்பது அவர் வாதம். கவிதையின் வரலாறு அறிந்தோர் இதனை எளிதில் தள்ள இயலாது. ஆண்டர்சனும் தம் நூலை முடிந்த முடிபாகக் கொள்ளவில்லை. 1991 பதிப்பில் மக்கள்தொகைக் கணக்கு, நிலப்படம், அருங்காட்சியகம் ஆகியவற்றைப் பற்றிய இயலைச் சேர்த்து, குடியேற்ற அரசே தேசத்தின் எல்லையையும் பிரிவுகளையும் வரைந்து வைத்தது எனத் தம் முன்னைய கருத்தைத் திருத்திக்கொண்டார்.

கொள்கையின் உண்மையான சோதனை 1999 மார்ச்சில் ஜகார்த்தாவில் நிகழ்ந்தது. தடை நீங்கித் திரும்பிய அவர், கூடியிருந்த அறிஞரையும் அரசியலாரையும் புகழ்ந்து பேசவில்லை. தேசம் என்பது முன்னோர் விட்டுச்சென்ற சொத்தன்று, இன்றுள்ளோர் சேர்ந்து செய்யவேண்டிய பணி என்றார். பிறரைப் பலியிடுவதன்று, தன்னை ஈவதே பற்று என்றார். 1965இன் படுகொலை, கிழக்குத் திமோர், ஆச்சே ஆகியவற்றை நினைவூட்டி, தன் நாட்டின் பெயரால் நிகழ்ந்த கொடுமைக்கு நாணாதவன் நாட்டுப்பற்றாளன் அல்லன் என உணர்த்தினார். தேசம் பொய்யெனில் அதற்காக நாணவேண்டிய தேவை இல்லை. அது கற்பனையால் படைக்கப்பட்ட மெய் என்பதனாலேயே படைத்தோர் அதற்குப் பொறுப்பாகின்றனர்.

2015 டிசம்பர் 13 அன்று, ஜகார்த்தா அருகே பல்கலைக்கழக உரையொன்றை நிகழ்த்திய சில நாள்களில், கிழக்கு ஜாவாவின் பாத்து நகரில் ஆண்டர்சன் காலமானார். இருபத்தாறு ஆண்டுகள் அவருக்கு அடைபட்டிருந்த நாட்டின் கடலில், ஜாவாக் கடலில், அவருடைய சாம்பல் கரைக்கப்பட்டது. முகமறியா மக்களை உறவாக எண்ணச் செய்வது கவிஞரின் தொழில். அவ்வுறவின் பெயரால் ஒருவன் அடிபடும்போது நாணச் செய்வதும் அத்தொழிலில் அடங்கும் என்பதே அவ்வரலாற்றறிஞர் கவிஞருக்கு விட்டுச்சென்ற பாடம்.